என் வீட்டுக்காரர் போய்ப் பார்த்த பெண்

கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் காலப் பயணத் தடுப்புத் துறையின் கிளை அலுவலகம் ஒன்று இருக்கிறது. அங்கே வாக்குமூலம் எழுதுவது என் வேலை. ஆட்டோக்காரரிடம் இடத்தைச் சொன்னால், ஏதோ கம்பெனியில் வருகைப் பதிவு எடுக்கும் டைம் ஆபீஸ் என்று நினைத்து வேறெங்காவது இறக்கிவிடுவார். எங்களுக்குப் பின்னால் மூடிக்கிடக்கும் ஓர் இரும்பாலை. அதன் பின்சுவரில் ஒரு சந்து. அதில் நுழைந்தால் பழைய நாள் ஒன்றில் போய் இறங்கலாம். நுழைவது குற்றம். எவ்வளவு முள்கம்பி கட்டினாலும் ஜனம் நுழைந்துகொண்டுதான் இருக்கிறது. எங்கள் காவலர்கள் போய்ப் பிடித்து வருவார்கள், நான் எழுதுவேன்.

வாக்குமூலத்தை 'நான்' என்றுதான் எழுத வேண்டும். நான் செத்துப்போன அம்மாவைப் பார்க்கப் போனேன், நான் விற்ற நிலத்தைப் பார்க்கப் போனேன் என்று ஊரார் கதையை எல்லாம் எழுதி எழுதி எனக்கு மரத்துப்போயிருந்தது. போன ஆடியில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை, என் வீட்டுக்காரரைக் கொண்டுவந்து என் மேசைக்கு எதிரே உட்காரவைத்தார்கள்.

அவர் ரோலிங் மில்லில் கிரேன் ஓட்டுகிறார். அன்று முதல் ஷிப்டு என்று சொல்லி டிபன் கேரியரைத் தூக்கிக்கொண்டு கிளம்பிய மனிதர். பிடித்து வந்த காவலர், "அந்தக் காலத்து ரயில் ஸ்டேஷன்ல ஒரு பொண்ணாண்ட நின்னுக்கினு இருந்தாரு மேடம்" என்றார்.

சொந்தக்காரர் யாராவது சிக்கினால் நாங்கள் எழுதக் கூடாது, வேறு ஆளிடம் கொடுத்துவிட வேண்டும். பக்கத்து மேசைக்காரி கையை நீட்டினாள். நான் படிவத்தைக் கொடுக்கவில்லை. எவள் என்று எனக்குத் தெரிந்தாக வேண்டும்.

"யாரு அவ?"

அவர் தலையைக் குனிந்துகொண்டார். "மஞ்ச சுடிதார். தோள்ல ஒரு பச்சைப் பை மாட்டிக்கினு இருப்பா."

காலையில் நான் என்ன கட்டிக்கொண்டு போனேன் என்று சாயங்காலம் கேட்டால் முழிக்கிற ஆள். இவளுக்குப் பையின் நிறம் வரைக்கும் ஞாபகம். 'நான் மஞ்சள் சுடிதார் அணிந்த பெண்ணைப் பார்க்கச் சென்றேன்' என்று என் கையாலேயே எழுதினேன். அழுத்தியதில் தாள் கிழிந்துவிட்டது.

"எத்தினி தபா?"

"மூணு. கல்யாணத்துக்கு முந்தின வருசம். நீதாம்மே அது" என்றார்.

பக்கத்து மேசைக்காரி சிரித்துவிட்டாள். "குடுத்து வெச்சவ நீ" என்றாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. வேறு எவளாக இருந்தாலும் அவள் வாசலில் போய் நின்று நாலு கேள்வி கேட்டிருப்பேன். இவளை என்ன செய்வது? இருபத்து மூன்று வயது. முட்டி வலி தெரியாது. ரேஷன் கடை வரிசை தெரியாது. இவளுக்காக அந்த மனிதர் முள்கம்பியில் சட்டையைக் கிழித்துக்கொண்டு மூன்று முறை போயிருக்கிறார். இங்கே இருக்கிற பழவேற்காட்டுக்கு என்னை ஒரு ஞாயிற்றுக்கிழமை கூட்டிப்போக அவருக்கு நேரமில்லை. சிறுக்கி, ஒன்றுமே செய்யாமல் நின்ற இடத்தில் நின்றபடி என் புருஷனைப் பிடுங்கிக்கொண்டாள்.

படிவத்தில் அடுத்து, பார்க்கப்பட்டவர் என்ன உறவு என்று ஒரு கட்டம். தாய், மனைவி என்று இருந்தால் எச்சரித்து அனுப்பிவிடுவோம். முன்பின் தெரியாத பெண் என்றால் கோர்ட்டு. மூன்று முறை என்றால் ஜெயில், மில் வேலையும் போய்விடும். இது அவருக்கும் தெரியும்.

மனைவி என்ற வார்த்தையை அவளுக்குத் தர எனக்கு மனசு வரவில்லை. தாலி கட்டிக்கொண்டு இத்தனை வருடம் குப்பை கொட்டியவள் நான். "அப்போ கல்யாணம் ஆவலியே. அவ யாரோதான்" என்று சொல்லி 'உறவு இல்லை' என்று எழுதி, விதிப்படி அவருக்குச் சத்தமாகப் படித்தும் காட்டினேன்.

"சரி, அப்பிடியே இருக்கட்டும்" என்றார்.

அதில் எனக்கு இன்னும் ஏறிக்கொண்டது. "அவகிட்ட அப்பிடி இன்னாய்யா கண்டுட்ட? உன்னப் பாத்துச் சிரிச்சாளா?"

"அவ என்னப் பாக்கவே இல்ல. மூணு தபாவும் பக்கத்துலதான் நின்னேன். வேப்பம்பட்டுலேர்ந்து ரெண்டு வண்டி மாறி ஒருத்தன் வருவான் இல்ல, அவன் வர்ற பொட்டியையே பாத்துக்கினு இருந்தா. என்ன அப்பிடி ஒருத்தி பாத்தான்றதே மறந்துபூச்சுமே. அவனும் நான்தான், ஆனா அந்தப் பையன் எறங்கி வர்றத பாத்தா எனக்குப் பத்திக்கினு வருது."

மேலதிகாரி வந்து படிவத்தை வாங்கிப் பார்த்தார். "இத நீங்க எழுதியிருக்கக் கூடாதும்மா" என்றார். நான் 'உறவு இல்லை'யை அடித்து 'மனைவி' என்று எழுதினேன். மனைவி என்று எழுதினால் பார்க்கப்பட்டவரே சாட்சி சொல்ல வேண்டும். இந்த ஆள் வந்து நின்றது ஞாபகம் இருக்கிறது, தொந்தரவு எதுவும் செய்யவில்லை என்று.

"ஞாபகம் இருக்கா?" என்று கேட்டார் மேலதிகாரி.

எனக்கு இல்லை. அந்தப் பிளாட்பாரம் என்றால் கதவைப் பிடித்துத் தொங்கிக்கொண்டு வந்த ஒருவன்தான் என் நினைவில் நிற்கிறான். பக்கத்தில் நரைத்த மீசையோடு யார் நின்றது, எனக்கு என்ன தெரியும்?

"இருக்கு சார்" என்றேன். "மூணு நாளும் வந்து நின்னாரு. சட்டை கிழிஞ்சிருந்துச்சு. நான் அவரப் பாத்தேன்."

கையெழுத்துப் போட்டு நிமிர்ந்தேன். பொய் என்று எங்கள் இருவருக்கும் நன்றாகத் தெரியும். அவர் அத்தனை பேர் முன்னால் அழுதுவிட்டார். எவளுக்காக அழுதார் என்று நான் இன்னும் கேட்கவில்லை.