கோபுர நிழலில் ஒரு வார்த்தை

இன்று மதியம் மூன்று மணி, தஞ்சைப் பெரிய கோயில். தரை கொதித்தது. செருப்பில்லாத கால்களோடு இருபது பேர் ஓடிப்போய் நிழலில் ஒண்டினோம்.

கைடு ஆரம்பித்தார். “இந்தக் கோபுரத்தோட நிழல் தரையில விழவே விழாதுங்க.”

எல்லோரும் தலையாட்டினோம். நானும்தான்.

கூட வந்த தோழி எஸ்தர் மட்டும் ஆட்டவில்லை. வரலாற்றுப் பேராசிரியை அவள். “அண்ணே, அப்ப நாம எதோட நிழல்ல நிக்கிறோம்?”

அவர் அண்ணாந்து பார்த்தார், தரையைப் பார்த்தார், சிரித்துவிட்டார். “வேற என்னத்த மேடம் சொல்றது?”

எஸ்தர் அவரை அடிப்பீடத்துக் கல்வெட்டுக்கு அழைத்துப்போனாள். ராஜா வரி தள்ளிய இடங்களின் பட்டியல். குளம், வாய்க்கால், சுடுகாடு என்று போகும் வரிசையில் ஓரிடத்தைக் காட்டினாள். “இதப் படிங்க.”

பழைய எழுத்தை அவள் சொல்லித்தர, எழுத்துக்கூட்டிப் படித்தார். “பறைச்சேரி.”

அந்த எழுத்துகளை விரலால் ஒருமுறை தடவினார்.

“ஆயிரம் வருசமா நாங்க இதுல இருக்கோமா? எங்க சேரியில குடியிருந்த மனைக்குப் பட்டா கேட்டுப் போராடி எங்கப்பா ஜெயிலுக்குப் போனாரு மேடம். ஆதாரம் எங்கன்னுதான் கேட்டாங்க.”

எத்தனையோ முறை அண்ணாந்து பார்த்த கோயில். இன்றுதான் முதல்முறை குனிந்து பார்த்தேன்.

அதற்குள் அடுத்த கூட்டம் வந்தது. அவர் கூப்பிட்டார்: “எல்லாரும் கோபுர நிழலுக்கு வாங்க. மொதல்ல ஒரு வார்த்தை காட்டுறேன்.”

அந்த நிழலிலேயே நின்றுகொண்டு, நிழல் விழாது என்று நம்பியவர்கள் கமெண்டில் கை தூக்குங்கள். முதல் கை என்னுடையது.