வழக்கில்லாத நிலம்

என் நாத்தனார் லெய்னாசெய் போய்ச் சேர்ந்து மூணு வருஷம் ஆச்சு. இன்னமும் விடியக்காலையில கடலோரத் தோட்டத்துப் பக்கம் யாராவது திட்டுற சத்தம் கேட்டா, மதினிதான் வந்துட்டாங்கன்னு எழுந்து உட்கார்ந்துடுறேன். அப்படி ஒரு வாய்! நான் கல்யாணமாகி இந்தத் தீவுக்கு வந்த மறுநாள் கிழங்கைத் துருவி, இலையில பொதிஞ்சு லாப்லாப் சுட்டு வெச்சேன். விரலால அமுக்கிப் பாத்துட்டு, "ஏய் லெய்மாவ், இது திங்கறதுக்கா, படகு ஓட்டையை அடைக்கறதுக்கா?"ன்னாங்க. அன்னிக்குப் பிடிச்ச சண்டை, அன்னிக்குப் பிடிச்ச பாசம்.

அவங்களுக்கும் என் வீட்டுக்காரர் கலோரிப்புக்கும் அந்தத் தோட்டத்தால பேச்சே கிடையாது. ஆலமரத்துக்குக் கிழக்கே இருக்கிறதை அப்பா தனக்குக் குடுத்தாருன்னு அக்கா சொல்லுவாங்க. அப்படி ஒண்ணும் சொல்லலைன்னு தம்பி. மாமனார் உயிரோட இருந்தா கேட்டிருக்கலாம். நமேலே மரத்து ஓலையை நட்டு வெச்சா அந்த இடத்துல யாரும் கால் வைக்கக் கூடாது, எங்க ஊர்க் கட்டு அது. காலையில மதினி ஒண்ணு நட்டுட்டுப் போவாங்க. மத்தியானம் இவரு அதுக்கு முன்னால ஒண்ணு நடுவாரு. பன்னிகூட எந்தப் பக்கம் போறதுன்னு தெரியாம நிக்கும்.

இதுக்கு நடுவுல பாஸ்கல்னு ஒருத்தன். இவங்க சித்தப்பா மகன்தான். துறைமுகப் பட்டணத்துல நில மந்திரி வீட்டைச் சுத்திக்கிட்டுத் திரிவான். மாசத்துக்கு ஒருதரம் அரிசி மூட்டையும் மீன் டின்னுமா வந்து இறங்குவான். எங்க வீட்டுல, "விட்டுடாதே அண்ணே, நியாயம் உன் பக்கம்"பான். அடுத்த வீட்டுக்குப் போயி, "விட்டுடாதே அக்கா"ம்பான். இவன் எதுக்கு இப்படிக் கொண்டாந்து கொட்டுறான்னு எங்க மரமண்டைக்கு உறைக்கவே இல்லை.

ஒருநாள் தோட்டத்துக்குப் போறேன், மரத்துக்கு மரம் சிவப்பு நாடா கட்டிக்கிட்டு நாலு பேர். "யாருடா நீங்க?"ன்னு கத்தினேன்.

"கோவிச்சுக்காதீங்கம்மா. இது வழக்குல இருக்கிற நிலம்தானே? வழக்கு தீர்ற வரைக்கும் மந்திரி கையெழுத்துப் போட்டுக் குத்தகைக்கு விடலாம்னு சட்டம் இருக்கு. வெள்ளிக்கிழமை போடுறாரு. எழுபத்தஞ்சு வருஷம். ஹோட்டல் வருது."

மதினி வீட்டுக்கு ஓடினேன். அவங்க தேங்காய் துருவிக்கிட்டே எல்லாத்தையும் கேட்டாங்க. அப்புறம் துருவலைத் தள்ளி வெச்சுட்டு, "அப்போ நாங்க அடிச்சுக்கிட்டாத்தான் அந்தப் பாஸ்கல் நாய்க்குப் பொழப்பா?"ன்னாங்க.

வியாழக்கிழமை ஊர்க்கூட்டம் கூடிச்சு. தலைவர் ரெண்டு பேரையும் பாத்து, "யாராவது ஒருத்தர் விட்டுக் குடுங்க. வழக்கே இல்லைன்னு இன்னிக்கே சொல்லி அனுப்பிடலாம். இல்லைன்னா ரெண்டு பேருக்கும் கிடையாது"ன்னாரு. என் வீட்டுக்காரர் தரையைப் பாத்துக்கிட்டு உட்கார்ந்திருந்தாரு. கல்லு மாதிரி. எனக்கு வந்த ஆத்திரத்துக்கு எழுந்து ஓங்கி ஒண்ணு வெச்சிருப்பேன்.

பொம்பளைங்க வரிசையிலேருந்து மதினி எழுந்தாங்க. "எங்கப்பா எனக்கு எதுவும் குடுக்கலை. நான் சொன்னது பொய்யி. முழுசும் என் தம்பியோடது."

பாஸ்கல் பதறிப்போய், "அக்கா, அவசரப்படாதே, யோசிச்சு..."ன்னான்.

"மூடுடா வாயை! உன் அரிசியைப் பன்னிக்குப் போட்டேன். அதுக்கே செரிக்கலை."

ஊரே சிரிச்சுது. எங்க ஊர் முறைப்படி மதினி பாய் விரிச்சாங்க, இவரு பன்னி குடுத்தாரு, சமாதானம் ஆச்சு. மந்திரியால அந்த நிலத்தைத் தொட முடியலை. இவரு மட்டும் அன்னிக்குச் சாப்பிடவே இல்லை, சுவத்தைப் பாத்துப் படுத்துக்கிட்டாரு.

அதுக்கப்புறம் இருந்த காலம்தான் காலம். மதினி வழக்கம்போலத் தோட்டத்துக்கு வருவாங்க. எல்லையில நின்னுக்கிட்டு ஊருக்கே கேக்கிற மாதிரி, "ஜமீன்தார் ஐயா, ஒரு கிழங்கு தோண்டிக்கட்டுமா?"ம்பாங்க.

"எடுத்துக்கயேன் அக்கா, எதுக்கு மானத்தை வாங்குறே!"ன்னு இவரு வலையைத் தூக்கிக்கிட்டுக் கடலுக்கு ஓடிடுவாரு. நானும் மதினியும் கிழங்கைச் சுட்டுத் தின்னுக்கிட்டு, ஊர்வம்பு பேசிச் சிரிச்சுச் சிரிச்சு இருட்டினப்புறம்தான் வீட்டுக்கு வருவோம். அந்த மாதிரி சிரிச்சு எவ்வளவு நாளாச்சு! இப்போ யாரோட உட்கார்ந்து சிரிக்கிறது?

மதினி செத்தப்போ, எங்கே புதைக்கிறதுன்னு யாரும் கேக்கிறதுக்கு முன்னாடியே இவரு மண்வெட்டியை எடுத்துக்கிட்டுப் போயி ஆலமரத்துக்குக் கிழக்கே வெட்ட ஆரம்பிச்சுட்டாரு. எங்க ஊர்ல அவங்கவங்களை அவங்கவங்க மண்ணுலதான் வைப்போம். சாவுக்குப் பாஸ்கலும் வந்திருந்தான், பூப்போட்ட சட்டையில.

உடம்பைக் கீழே இறக்கினதுதான் தாமதம், இவரு உடைஞ்சு போயிட்டாரு. "அப்பா சொன்னாரு! என் காதால கேட்டேன்! இது அக்கா..."

பாஸ்கல் சட்டுனு தலையைத் தூக்கினான். மதினிக்கு மகன் ஒருத்தன் இருக்கான். இவரு அந்த வார்த்தையைச் சொல்லி முடிச்சா பாஸ்கல் அவனைக் கிளப்பி விடுவான், மறுபடியும் வழக்கு, மறுபடியும் மந்திரி. தலைவர் பாய்ஞ்சு வந்து இவரு வாயைப் பொத்திக்கிட்டு, "பாட்டைப் பாடுங்க!"ன்னு கத்தினாரு. சனம் மொத்தமும் தொண்டை கிழியப் பாட ஆரம்பிச்சுது. அவரு கைக்குள்ள இவரு என்னமோ சொல்லிக்கிட்டே இருந்தாரு, ஒண்ணும் வெளியே கேக்கலை. எல்லாரையும்விட நான்தான் சத்தமாப் பாடினேன்.