ராணியின் ஈயக்குண்டு

கற்பிட்டிக் கரையில் இன்று ஒருவர் வலையை மணலில் கொட்டினார். வலையைத் தாழ்த்தும் ஈயக்குண்டுகள் கலகலவென்று விழுந்த சத்தத்தில் எனக்குப் பத்து வயதாகிவிட்டது.

அந்த வயதில் நானும் றிஸானாவும் ஒரே கொப்பியில் ஒரு மாயக்கதை எழுதினோம். பகைவர்கள் கடல்ராணியை இழுத்துப் போகும்போது அவள் தன் கிரீடத்தை உருக்கித் தண்ணீரில் சிதறவிடுகிறாள். அந்தத் துளிகள்தான் ஈயக்குண்டுகள்! கடலடியில் ராணியின் வீட்டுக்குப் போகிற அவசரத்தில்தான் அவை அப்படித் தாழ்கின்றன. வைத்திருப்பவரையும் வீட்டில் கொண்டுபோய்ச் சேர்க்கும். அறுந்த வலையொன்றில் எங்களுக்கே ஒன்று கிடைத்தது.

யுத்தம் முடிந்திருந்தது. தொண்ணூறில் மற்ற முஸ்லிம்களோடு மன்னாரிலிருந்து விரட்டப்பட்ட அவளுடைய வாப்பா ஊர் திரும்ப முடிவெடுத்தார். றிஸானா பிறந்ததே இங்கேதான். கொப்பியோடு மூச்சிரைக்க ஓடிவந்தாள்.

"சக்திய மாத்தணும்டி! வீட்டுக்குக் கொண்டு போகாது. இருக்கிற இடத்திலயே பிடிச்சு வைக்கும்."

"ராணி விடுவாளா?"

"ஓம், நாமதானே எழுதுற!"

அழித்து எழுதினோம். சாமான் ஏற்றிய லொறியின் சக்கரத்தடியில் குண்டைப் புதைத்தோம். லொறி உறுமியது, அப்படியே மணலுக்குள் இறங்கியது! கட்டிப்பிடித்துக் கத்தினோம்.

தென்னோலை போட்டுத் தள்ளி எடுக்க அரை மணித்தியாலமானது. மூட்டைகளுக்கு மேலிருந்த றிஸானா அழவேயில்லை. "வேல செஞ்சிச்சிடி! அரை மணித்தியாலம் வேல செஞ்சிச்சி!" என்று கத்திக்கொண்டே போனாள்.

நேற்று அவள் தன் பிள்ளைகளோடு எங்கள் வீட்டுக்கு வந்தாள்.

"நானா, ஒரு குண்டு தாங்க" என்றேன் வலைக்கார அண்ணனிடம்.

"என்னத்துக்கு, தங்கச்சி?"

"பின்னேரம் மன்னாருக்கு ஒரு வேன் கெளம்புது. சக்கரத்தடியில வைக்கணும்."