போஸ்ட் மாஸ்டர் நீக்கிய கதை

போஸ்ட் மாஸ்டர் எங்கள் வீட்டுக்குள் கால் வைத்தது ஒரே ஒரு தடவைதான். உம்மாவுக்குக் காய்ச்சல் என்று கேள்விப்பட்டு ஒரு சீப்பு வாழைப்பழத்தோடு வந்தார். அப்போது எங்கள் வீட்டுச் சுவர்கள் பூசப்படவில்லை, ஜன்னல்களுக்குக் கதவு இல்லை. உம்மா உரப்பைகளைக் கிழித்து ஜன்னல்களில் தொங்கவிட்டிருந்தார். அச்சடித்த பக்கம் தெருவுக்குத் தெரிந்துவிடக் கூடாதென்று அதை உள்ளே பார்க்கத் திருப்பியிருந்தார். தெருவில் போகிறவர்களுக்கு அது வெள்ளைத் திரை, எங்களுக்கு யூரியா மூட்டை. அவர் பிளேன்டீ குடித்து, உம்மாவிடம் நாலு வார்த்தை கதைத்துவிட்டுப் போனார். பத்து நிமிடம் இருந்திருப்பார்.

கல்முனைக்குடியில் ஒரு சின்னத் தபாற்கந்தோரில் அவர் அதிபர், நான் கடிதமும் படிவமும் பார்க்கும் இலிகிதர். கூட்டம் ஓய்ந்ததும் பாழான படிவங்களின் பின்பக்கத்தில் பென்சிலால் கதை எழுதுவார். ஊருக்கு அவர்மேல் மரியாதையும் இருந்தது, கொஞ்சம் பயமும் இருந்தது. தோணியை விற்றுவிட்டுக் கடற்கரைப் பக்கமே போகாதவர், மருமகனோடு முகம் கொடுத்துக் கதைக்காத மாமி, பள்ளிவாசல் நிருவாகத்தில் இடம் கிடைக்காமல் புழுங்கியவர் எல்லாரும் அவர் கதைகளில் நடமாடினார்கள். "நிலாவைப் பத்தி எழுத நாட்டில ஆக்கள் இரிக்காங்க. இந்த மனிசரைப் பத்தி எழுத நான் மட்டுந்தான் இரிக்கன்" என்பார். தலைக்கனம்தான், ஆனால் பொய்யில்லை.

எங்கள் பக்கத்தில் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குக் குடிவருவார். அந்த வீட்டைக் கட்டிக் கொடுப்பது வாப்பாவின் பொறுப்பு. எங்கள் வாப்பா மௌத்தாகிவிட்டதால் அது மூத்தவரான நானாவின் தலையில் விழுந்தது. தங்கச்சிக்கு வீடு முடியாமல் தனக்குக் கலியாணம் இல்லை என்று என் நானா கட்டாரில் கிடந்தார். எனக்கு மாப்பிள்ளை பேசி முடித்திருந்தார்கள், வீடு முடிந்ததும் நிக்காஹ் என்று ஏற்பாடு. அந்த நேரத்தில்தான் ஒரு ஞாயிற்றுக்கிழமைப் பத்திரிகையில் போஸ்ட் மாஸ்டரின் கதை வந்தது. தங்கச்சிக்கு வீடு கட்ட வெளிநாடு போன ஒரு நானாவின் கதை. உரப்பை இருந்தது, திருப்பிப் போட்ட எழுத்தும் இருந்தது. முடிவில் வீடு எழும்புகிறது, நானா மட்டும் வரவேயில்லை.

உம்மா அந்த வாரம் வாசல் பக்கம் தலைகாட்டவில்லை. மாப்பிள்ளை வீட்டாரிடமிருந்து பேச்சுமூச்சில்லை. நான் கந்தோரில் அவர் முன்னால் போய் நின்றேன். அழுகையும் கோபமும் சேர்ந்து வந்தது.

"எங்கட வீட்ட ஏன் சேர் எழுதின நீங்க?"

"பேர மாத்தினன் புள்ள, ஊர மாத்தினன். அந்த உரப்பைய மாத்த ஏலாமப் போச்சி. அத மாத்தினா கதை பொய்யாப் போகும்."

"அப்ப எங்கட மானம் போனாப் பரவால்லையா? இது புத்தகத்தில வந்தா நான் இந்தக் கந்தோருக்கு வரமாட்டன்."

அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "ஓம் புள்ள. வராது" என்றார். அவருடைய முதல் புத்தகம் அச்சுக்குப் போக இருந்த நேரம் அது. சொன்னபடியே அந்தக் கதை இல்லாமல்தான் வந்தது. பிறகு வந்த இரண்டு புத்தகங்களிலும் அதைச் சேர்க்கவில்லை.

மாப்பிள்ளை வீட்டார் ஏன் மௌனமாக இருந்தார்கள் என்பது கலியாணம் முடிந்த பிறகுதான் எனக்குத் தெரிந்தது. என் மாமியாருக்கும் ஒரு மூத்த மகன் சவூதியில் இருந்தார். கதையை வாசிக்கச் சொல்லிக் கேட்ட மாமி இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லையாம். பிறகு சொந்தக்காரர் எல்லாரோடும் மல்லுக்கட்டி, "வீடு கிடக்கட்டும், கதவு இல்லாட்டியும் பரவால்ல. அந்தப் புள்ளைட நானா ஊருக்கு வரட்டும்" என்று சாதித்திருக்கிறார். நானா வந்தார், என் நிக்காஹ் நடந்தது. அடுத்த வருடம் அவருக்கும் நடந்தது. ஜன்னல் கதவுகளை நானும் என் கணவரும் எங்கள் சம்பளத்தில் ஒவ்வொன்றாகப் போட்டோம்.

இதை நான் போஸ்ட் மாஸ்டரிடம் சொல்லவில்லை. அவ்வளவு கத்திவிட்டு எந்த முகத்தோடு போய்ச் சொல்வது? இன்றைக்குச் சொல்லலாம், நாளைக்குச் சொல்லலாம் என்று தள்ளிப்போட்டேன். அவர் பொத்துவிலுக்கு மாற்றலாகிப் போனார், பிறகு ஓய்வு பெற்றார். போன வருடம் மௌத்தானார். என் வாழ்க்கையில் நான் செய்த பெரிய கோழைத்தனம் அதுதான்.

போன மாதம் அவருடைய மனைவி என்னைத் தேடி வந்தார். மூன்று புத்தகங்களையும் ஒன்றாக்கிப் பிள்ளைகள் அச்சடிக்கப் போகிறார்களாம். "இந்தக் கதைய மட்டும் தனியா வெச்சிரிந்தார். உன்னக் கேக்காமப் போடக் கூடாதெண்டு மேல எழுதியிரிக்கார், புள்ள" என்று பத்திரிகைத் துண்டை நீட்டினார். மாமி சண்டை பிடித்த கதையை முதன்முதலாக அவரிடம் சொன்னேன். அவர் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு சிரித்தார், அழுதார். அவர் முன்னாலேயே நானாவுக்குத் தொலைபேசி எடுத்தேன். நானா இப்போது நற்பிட்டிமுனைப் பக்கம் வயல் செய்கிறார். பின்னால் பேரப்பிள்ளைகளின் சத்தம் கேட்டது.

"அந்தக் கதையில நான் வராமலே போறதாத்தானே முடிச்சிரிக்கார்?" என்று கேட்டார்.

"ஓம் நானா."

"ஒரு எழுத்தும் மாத்தாமப் போடச் சொல்லு. பின்னால நீ ரெண்டு வார்த்த எழுதிக் குடு."

இதுதான் அது. சேர், உங்கள் கதையின் முடிவு பிழையாகிவிட்டது. நீங்கள் எழுதியதால் நானா வந்துவிட்டார்.