ஆத்தாளுக்கு நேர்ந்த பசுமாடு

எனக்கும் ஒரு காலத்தில் நிலபுலன் இருந்தது. ஆற்றோரம் வயல், கோழிக்கூண்டு, வாசலில் ஒரு நாய், கொட்டகையில் ஒரு பசுமாடு. அத்தனையும் உள்ளங்கை அகலப் பிளாஸ்டிக் டப்பாவுக்குள் இருந்தன. டப்பாவுக்கு வெளியே எனக்கு இருந்தது ஓர் ஆட்டோ. அதுவும் வாடகை ஆட்டோ.

டப்பா என்று நான் சொல்வது, கையில் வைத்து விளையாடும் வீடியோ கேம். கேமரா வைத்த செல்போனை மதுரையில் ஜனங்கள் சுற்றி நின்று வேடிக்கை பார்த்த காலம் அது. நான் வழக்கமாகச் சவாரி ஏற்றும் சௌராஷ்டிரா வீடு ஒன்று உண்டு, ஜவுளி வியாபாரம். அந்த வீட்டுக் காலேஜ் தம்பி, தனக்குப் புதுசு வந்ததும் பழசை என்னிடம் தள்ளிவிட்டான். உள்ளே விவசாய கேம். வீட்டுக்குள் யாரிடமோ அவர்கள் பாஷையில் ஏதோ கத்திவிட்டு, என்னிடம் தமிழுக்குத் திரும்பினான்.

"அண்ணே, ஆன் பண்ணுனா மூணு வரி வரும். மொத வரியில நின்னு இந்த வலது பட்டனை அமுக்குங்க, விட்ட எடத்துலருந்து ஆடலாம். மூணாவது வரிப் பக்கம் மட்டும் போயிராதீங்க. அது அழிக்கிறது. அமுக்குனா 'நெசமாவா?'ன்னு ஒரு கட்டம் வந்து கேக்கும். அதுலயும் அமுக்குனீங்கன்னா அம்புட்டும் போச்சு. திரும்ப வராது."

"இங்கிலீஷ்லயா கேக்கும்?"

"ஆமாண்ணே."

"அப்ப எனக்குப் பயமே இல்ல தம்பி. இங்கிலீஷ்ல எவன் என்ன கேட்டாலும் நான் பதில் சொல்றதில்ல."

நான் படித்தது நாலாம் வகுப்பு. நான் பள்ளிக்கூடத்தை விட்டேனா, பள்ளிக்கூடம் என்னை விட்டதா என்பதில் இரு தரப்புக்கும் இன்னும் தகராறு தீரவில்லை. தமிழில் பஸ் போர்டை எழுத்துக்கூட்டிப் படிப்பேன். நான் படித்து முடிப்பதற்குள் பஸ் போய்விடும். அதனால் டப்பாவில் மூன்று வரியையும் நான் எழுத்தாகப் பார்க்கவில்லை. தெருவில் மூன்றாவது வீட்டில் கடிநாய் இருக்கிறது என்றால் அந்தப் பக்கம் போகமாட்டோம் இல்லையா, அப்படித்தான்.

காளவாசல் ஸ்டாண்டில் வண்டியை வரிசையில் போட்டுவிட்டு விவசாயம் பார்த்தேன். விதைத்தேன், அறுத்தேன், கோழி முட்டையை விற்று மாடு வாங்கினேன். பால் கறக்கும் நேரத்தில் சவாரி வந்தால் எனக்கு எரிச்சல் வரும். ஒருமுறை ஓர் அம்மா, "பெரியார் நிலையம் வர்றியாப்பா?" என்று கேட்டதற்கு, "இருங்கம்மா, தண்ணி பாய்ச்சிட்டு வாரேன்" என்று சொல்லிவிட்டேன். அவர் பின்னால் நின்ற வண்டியில் ஏறிப் போனார்.

வீட்டுக்காரி அப்போது மாசமாக இருந்தாள்.

"கட்டுன பொண்டாட்டி மூஞ்சியப் பாக்க நேரமில்ல, மாட்டு மூஞ்சியவே பாத்துக்கிட்டு இருக்கீங்க."

"மாடு திட்டாது."

"அது கிட்டயே கஞ்சி வாங்கிக் குடிங்க."

பிரசவத்துக்குச் சமயநல்லூரில் அவள் அம்மா வீட்டில் இருந்தாள். ஒரு மத்தியானம் வலி எடுத்துவிட்டது. என் வண்டியிலேயே ஏற்றிக்கொண்டு மதுரைக்கு வந்தேன். எத்தனையோ பேருடைய பிரசவத்துக்கு ஓட்டியிருக்கிறேன். அப்போதெல்லாம் ரோடு ரோடாகத்தான் இருந்தது. அன்றைக்கு ஒவ்வொரு கல்லும் என் முதுகெலும்பில் ஏறி இறங்கியது. பின்னாலிருந்து மாமியார், "மெல்லப் போங்க மாப்ள" என்பார். அடுத்த மூச்சில், "சீக்கிரம் போங்க மாப்ள" என்பார். இரண்டையும் சேர்த்துச் செய்ய எனக்குத் தெரியவில்லை. ஹாரனை மட்டும் அடித்துக்கொண்டே போனேன்.

ஆஸ்பத்திரியில் அவளை உள்ளே கொண்டுபோய்க் கதவைச் சாத்தினார்கள். கொஞ்ச நேரத்தில் நர்ஸ் ஒரு தாளோடு வெளியே வந்தார்.

"பனிக்குடத்துல தண்ணி கொறஞ்சு போச்சு. புள்ளைக்குத் துடிப்பு எறங்குது. ஆபரேஷன் பண்ணணும், கையெழுத்துப் போடுங்க."

என் படிப்பு மொத்தமும் என் கையெழுத்தில் இருந்தது. அதையாவது அழகாகப் போடுவேன் என்று எனக்கு ஒரு கர்வம் உண்டு. அன்றைக்கு முதல் எழுத்து போட்டேன். இரண்டாவது எழுத்து வரவில்லை. என் பெயரே எனக்கு மறந்துபோனது. "கைநாட்டு வைங்க, நேரமில்ல" என்று நர்ஸ் மையை நீட்டினார். வைத்தேன்.

கதவை மறுபடியும் சாத்தினார்கள். மாமியார் தரையில் உட்கார்ந்து முணுமுணுவென்று ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். எனக்கும் சாமியைக் கூப்பிட வேண்டும் போல் இருந்தது. வேண்டுதல் என்றால் ஆசையாக வைத்திருப்பதைக் கொடுக்க வேண்டும். என்னிடம் என்ன இருக்கிறது? முடி கொடுக்கலாம் என்றால், என் தலையில் மிஞ்சியிருந்ததை வாங்கினால் ஆத்தாளுக்குத்தான் அவமானம். தங்கம் என் பல்லில்கூடக் கிடையாது. சட்டைப் பையில் கை வைத்தேன். டப்பா இருந்தது.

"ஆத்தா மாரியாத்தா, ரெண்டு உசுரையும் முழுசா என் கையில குடுத்துரு. டப்பாவுக்குள்ள இருக்குற அம்புட்டையும் ஒனக்கு அழிச்சிருறேன். வயலு, கோழி, மாடு, எல்லாம்."

சத்தமாகச் சொல்லிவிட்டேன் போல. பக்கத்து பெஞ்சில் இருந்தவர் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தார்.

பெண் குழந்தை பிறந்தது. தாயும் நலம். குழந்தை அழுத சத்தம் கதவுக்கு இந்தப் பக்கம் கேட்டபோது நான் சுவரைப் பிடித்துக்கொண்டேன். மாமியார் என்னைப் பிடித்துக்கொண்டார்.

உடனே அழித்திருக்க வேண்டும். அழிக்கவில்லை. மறுநாள் ஸ்டாண்டுக்கு மிட்டாயோடு போனபோது, எனக்கு அடுத்த வண்டிக்காரனிடம் விஷயத்தைச் சொன்னேன். அவன் ஆர்.சி. கிறிஸ்தவன், கண்ணாடியில் மாதா படம் ஒட்டியிருப்பவன். மிட்டாய் தொண்டையில் சிக்கும் அளவுக்குச் சிரித்தான்.

"சாமிக்குக் கெடா கொடுத்தவன் இருக்கான், சேவல் கொடுத்தவன் இருக்கான். கேமக் கொடுத்தவன் நீ ஒருத்தன்தான் மாப்ள."

"சிரிக்காதடா. பாதி அழிச்சா ஆத்தா ஒத்துக்குமா? கோழிய மட்டும்?"

"எதுக்கு?"

"பசுமாடு இருக்குல்ல. பசுவ அழிச்சா பாவம்டா."

"அது பேட்டரி மாடுடா வெண்ண! எங்க மாதாகிட்ட கேட்டிருந்தா மெழுகுவத்தியோட முடிஞ்சிருக்கும். ஒங்க ஆத்தா வட்டியோடல்ல வாங்கும்."

அவன் விளையாட்டாகத்தான் சொன்னான். வட்டி என்ற சொல் மட்டும் என் வயிற்றுக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. இருந்தாலும் அன்றைக்கு ஒரு போகம் அறுத்துவிட்டுத்தான் டப்பாவை மூடினேன். ஆத்தாளுக்குக் கொடுக்கும்போது விளைந்த வயலாகக் கொடுக்காமல் அறுத்த வயலாகக் கொடுத்தால் என்ன என்று எனக்கு நானே வக்கீலாக வாதாடினேன். என்னைப் போன்ற வக்கீல் கிடைத்தால் எந்தக் கட்சிக்காரனும் ஜெயிலுக்குப் போவான்.

மறுநாள் காலையில் ஆஸ்பத்திரிக்குப் போனால், குழந்தை கட்டிலில் இல்லை. வீட்டுக்காரி சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருந்தாள். மாமியார்தான் சொன்னார்.

"கண்ணு மஞ்சளா இருக்கு மாப்ள. ஒடம்பும் மஞ்சளா இருக்கு. தூக்கிட்டுப் போயிட்டாக."

நர்ஸிடம் ஓடினேன். "ரத்தத்துல மஞ்ச கூடியிருக்கு. லைட்டுல வச்சிருக்கோம். நெறையப் புள்ளைகளுக்கு வர்றதுதான், பயப்படாதீங்க" என்றார். அந்தக் கடைசி வார்த்தையை அவர் சொல்லாமல் இருந்திருக்கலாம். கண்ணாடி வழியாகப் பார்த்தேன். நீல விளக்குக்குக் கீழே, கண்ணைத் துணியால் கட்டி, ஒட்டுத்துணி இல்லாமல் படுக்க வைத்திருந்தார்கள். உள்ளங்கால்கூட மஞ்சள்.

மஞ்சள் யாருடைய நிறம் என்று எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆத்தா கேட்டு ஆள் அனுப்பியிருந்தாள்.

என் முகம் போன போக்கை மாமியார் பார்த்துவிட்டார். "மாப்ள, ஆத்தாளுக்கு எதுவும் நேந்துக்கிட்டு செய்யாம இருக்கீங்களா?"

"ஒண்ணு இருக்கு அத்தை."

"என்னது?"

டப்பா, கேம், மூன்றாவது வரி என்று விளக்கிச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. "ஒரு மாடு" என்றேன்.

"மாடா! வாடகை ஆட்டோ ஓட்டிக்கிட்டு மாட்ட நேந்துக்கிட்டீங்களா?"

"சின்ன மாடுதான் அத்தை."

"சின்னதோ பெருசோ, மொதல்ல போயி அதக் குடுத்துட்டு வாங்க!"

ஆனையூரில் எங்கள் தெருமுனையில் வேப்பமரத்தடியில் ஒரு மாரியம்மன் கோயில் உண்டு. வண்டியை அங்கே விட்டேன். செருப்பைக் கழற்றி, சாமிக்கு முன்னால் நின்று, டப்பாவை ஆன் செய்தேன். சின்ன விளக்கு சிவப்பாக ஒரு தடவை மினுக்கியது. அணைந்தது. மறுபடி தட்டினேன். பேட்டரி செத்துவிட்டது.

உயிர் இல்லாத டப்பாவில் எதையும் அழிக்க முடியாது. உள்ளே மாடு அப்படியே நின்றுகொண்டிருக்கிறது. ஆஸ்பத்திரியில் பிள்ளை அப்படியே கிடக்கிறது. பெட்டிக்கடைக்கு ஓடினேன். "பென்சில் செல் ரெண்டு குடுங்கக்கா."

"ஒண்ணுதான் கெடக்கு. டார்ச்சுக்குப் போடுற குண்டு செல் இருக்கு, வேணுமா?"

குண்டு செல்லை அதற்குள் திணிக்க முடியாது. ஒன்றை வாங்கிக்கொண்டு வீட்டுக்கு ஓடிச் சுவர்க்கடிகாரத்தை இறக்கி, அதன் வயிற்றிலிருந்து இன்னொன்றைப் பிடுங்கினேன். கடிகாரம் நின்றது. புதுசும் பழசுமாகப் போட்டு, மறுபடி கோயிலுக்கு ஓடிவந்தேன்.

பூசாரி வந்திருந்தார். "போன அமத்திட்டு உள்ள வாப்பா."

"போன் இல்ல சாமி, நேத்திக்கடன்."

அவர் டப்பாவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். குடித்திருக்கிறேனா என்று மூக்கால் சோதித்தார். பிறகு எதற்கு வம்பு என்று நினைத்தாரோ என்னவோ, தட்டை நீட்டினார். நான் டப்பாவை அதில் வைத்தேன். அவர் வழக்கப்படி தீர்த்தத்தை அள்ளினார்.

"ஐயோ சாமி, தண்ணி வேணாம்! கரண்டு சாமான்!"

"அப்ப குங்குமம் போடலாமா?"

"அது போடுங்க."

தாராளமாகப் போட்டார். பாதி அந்த வலது பட்டனுக்குள் இறங்கிவிட்டது.

ஆன் செய்தேன். மூன்று வரியும் வந்தன. நேராக மூன்றாவதுக்குப் போகத்தான் நினைத்தேன். விரல் முதல் வரியில் அமுக்கிவிட்டது. காலை நேரம், கோழி கூவியது, மாடு கொட்டகையில் நின்றது. பாலைக் கறந்தேன். அதன் தலைக்கு மேல் சின்னதாக ஓர் இதயப் படம் வந்தது. "என்னப்பா, எம்புட்டு நேரம்?" என்றார் பூசாரி. விளக்கு மறுபடியும் சிவப்பாக மினுக்க ஆரம்பித்தது. கடிகாரத்து செல் காலை வாருகிறது என்று தெரிந்ததும் எனக்கு வியர்த்துவிட்டது. அணைத்து ஆன் செய்து, மூன்றாவது வரிக்கு இறங்கி, அமுக்கினேன். குங்குமம் அடைத்த பட்டன் உள்ளே போகவில்லை. இரண்டு கட்டைவிரலையும் சேர்த்து வைத்து அமுக்கினேன். கட்டம் வந்தது.

நிசமாகவா என்று கேட்டது. வாழ்க்கையில் முதல் தடவையாக இங்கிலீஷில் கேட்ட கேள்விக்குப் பதில் சொன்னேன்.

ஒரு சின்னச் சத்தம். அவ்வளவுதான். மூன்று வரி இருந்த இடத்தில் ஒரே ஒரு வரி இருந்தது. இம்புட்டுத்தானா என்று எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது. வழியில் வண்டியை நிறுத்தி நிறுத்தி ஆன் செய்து பார்த்தேன், ஒரு வரிதான். உண்மையிலேயே அழிந்ததா, எங்காவது ஒரு கோழி ஒளிந்துகொண்டிருக்கிறதா?

ஆஸ்பத்திரியில் ஒன்றும் மாறவில்லை. நீல விளக்கு, கட்டிய கண், மஞ்சள் உள்ளங்கால். நான் என்ன எதிர்பார்த்தேன் என்று எனக்கே தெரியவில்லை. மாமியார் பக்கத்தில் வந்தார்.

"குடுத்துட்டீங்களா?"

"குடுத்துட்டேன்."

"நல்லபடியா போச்சா?"

"சத்தம் போடாமப் போச்சு அத்தை."

மறுநாள் டாக்டரம்மா வந்து, குழந்தையின் நெற்றியில் கட்டைவிரலை வைத்து அமுக்கி எடுத்து, அந்த இடத்தின் நிறத்தைக் குனிந்து பார்த்தார். "எறங்குது. இன்னும் ஒரு நாள் லைட்டுல இருக்கட்டும்" என்றார். அந்த ஒரு நாளும் கழிந்து, குழந்தையை எடுத்துவந்து தாய் மடியில் போட்டார்கள்.

அப்புறம்தான் வீட்டுக்காரியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். சிரிப்பாள் என்று நினைத்தேன். அவள் முகம் வாடியது.

"மாட்டையுமா அழிச்சீங்க?"

"அம்புட்டும்."

"கொண்டாங்க இங்க." டப்பாவை வாங்கினாள். அவள் பத்து வரை படித்தவள். இருந்த அந்த ஒற்றை வரியில் வைத்துப் பட்டனை அழுத்திப் பார்த்துவிட்டு, "புதுசா ஆரம்பிக்கணுமாம். பேரு கேக்குது" என்றாள்.

"ஏதாச்சும் ஒண்ணு அடி."

"பெத்த புள்ளைக்கே இன்னும் பேரு வைக்கல. டப்பாவுக்கு என்ன அவசரம்?" என்று என்னிடமே திருப்பிக் கொடுத்தாள். அணைக்கத் தெரியாதவன் மாதிரி அந்தப் பட்டனை இரண்டு தடவை அமுக்கிவிட்டுத்தான் அணைத்தேன்.

குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. ஜன்னல் வெளிச்சத்தில் ஒரு பக்கம் வெள்ளையாகத் தெரிந்தது. இன்னொரு பக்கம் மஞ்சள் போலவும் தெரிந்தது. என்னால் சும்மா இருக்க முடியவில்லை. டாக்டரம்மா செய்தது போலவே நெற்றியில் கட்டைவிரலை வைத்து அமுக்கி எடுத்தேன். அந்த இடம் பளிச்சென்று சிவப்பாக இருந்தது.

"சிஸ்டர்! ஓடியாங்க! செவந்துருச்சு!"

நர்ஸ் ஓடிவந்தார். மாமியார், "ஆத்தா!" என்று தலையில் கை வைத்தார். வீட்டுக்காரி மட்டும் குழந்தையைப் பார்க்கவில்லை. என் கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தாள். கட்டைவிரல் முழுக்க அந்தப் பட்டன் குங்குமம்.

"மொதல்ல போயி கையக் கழுவிட்டு வாங்க" என்றாள்.

போனேன்.