கிரீடம் இல்லாத ராஜாக்கள்

எங்கள் சபையில் கிறிஸ்துமஸ் நட்சத்திரம் கயிற்றில்தான் வரும். பின்பக்க மாடியிலிருந்து பீடத்தின் மேல்சுவர்வரை நைலான் கயிறு கட்டி, உள்ளே பல்பு வைத்த காகித நட்சத்திரத்தைத் தொங்கவிட்டுப் பெரிய மாமா இழுப்பார். அது எப்படியும் பாதி வழியில் சிக்கிக்கொள்ளும். கீழே மூன்று ராஜாக்களும் அது மறுபடி நகரும்வரை நின்ற இடத்திலேயே நடந்துகொண்டிருப்பார்கள். வேதத்தில் அவர்கள் சாஸ்திரிகள்தான், ஆனால் எங்கள் ஊர் நாடகத்தில் எப்போதும் ராஜாக்கள். இதையெல்லாம் யாரும் ஒரு குறையாக நினைத்ததில்லை. நான்தான் நினைத்தேன், அதற்குக் காரணம் சித்தி.

சித்தி அம்மாவின் ஒரே தங்கை. திருவனந்தபுரத்தில் லேசர் கருவிகளைச் சோதிக்கும் கூடத்தில் வேலை பார்த்தாள். நான் ஐந்தாம் வகுப்பு படித்த வருஷம், நட்சத்திரத்தை நானே கொண்டுவருகிறேன் என்று அவள் போனில் சொன்னாள். அன்றைக்கே ஞாயிறு பள்ளிப் பிள்ளைகள் அத்தனை பேரிடமும் தமிழிலும் மலையாளத்திலும் அளந்து வைத்தேன். கயிறே கிடையாது, பாட்டுக்குத் தக்கபடி மின்னும், எங்கள் ஊர்ப் பாறசாலை முழுக்க இப்படி ஒன்றைக் கண்டிருக்காது என்று. போதாததற்கு அந்த முறை ராஜாக்களில் ஒருத்தி நான். பையன்கள் குறைவாக இருந்தார்கள், நான் உயரமாக இருந்தேன்.

அம்மா என் கிரீடத்துக்காகத் தூக்கம் கெட்டாள். அட்டையில் தங்கத்தாள் ஒட்டி, பழைய சிடிக்களை உடைத்து ரத்தினக் கற்களாகப் பதித்தாள். வீட்டுக்குள் வைத்துக்கொண்டு திரும்பினால் சுவரெல்லாம் வெளிச்சம் ஓடும். மற்ற இரண்டு ராஜாக்களின் அம்மாக்களும் வந்து பார்த்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் போனார்கள். அம்மாவுக்கு அது போதுமாக இருந்தது.

கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் மத்தியானம் சித்தி உதியன்குளங்கரையில் பஸ் இறங்கி, இரண்டு அட்டைப்பெட்டிகளோடு ஆட்டோவில் நேராகச் சபைக் கோவிலுக்கே வந்தாள். அவள் முதலில் வெளியே எடுத்தது ஆரஞ்சுக் கண்ணாடி. அதைப் போட்டுக்கொண்டதும் வெல்டிங் கடைக்காரர் மாதிரி ஆகிவிட்டாள். பிள்ளைகள் என்னைப் பார்த்தார்கள். நான் ஜன்னலைப் பார்த்தேன்.

பிறகு பின்பக்க மாடியில் லேசரை வைத்து, அதற்கு எதிரே ஒரு கண்ணாடிச் சில்லைச் சாய்வாக நிறுத்தினாள். பச்சை ஒளி அதில் பட்டு இரண்டாகப் பிரிந்தது. பெரிய பங்கு நேராகப் போய், உள்ளே கறுப்புப் பெயின்ட் அடித்த பால்மாவு டின்னுக்குள் விழுந்து அடங்கியது. கண்ணாடியில் பட்டுத் திரும்பிய சின்னப் பங்குதான் சுவரில் நட்சத்திரமாக விழுந்தது. வெளிறிப்போன நட்சத்திரம்.

"நல்ல வெளிச்சத்த எல்லாம் டின்னுல கொட்டிட்டு மிச்சத்தையா சித்தி காட்டுறே?" என்று கேட்டேன்.

"பிள்ளைங்க இருக்கிற எடத்துக்கு மிச்சம் மதி மக்கா, அது போதும்" என்றாள்.

அதோடு நிற்கவில்லை. ஒரு சட்டியில் கங்கு போட்டுக் குந்திரிக்கத்தைத் தூவினாள். வெள்ளைப் புகை எழும்பியது, அதற்குள் பச்சைக் கோடு தெளிவாகத் தெரிந்தது. சட்டியைத் தூக்கிக்கொண்டு பெஞ்சு பெஞ்சாக நடந்து, கோடு வேறெங்காவது தெறிக்கிறதா என்று குனிந்தும் நிமிர்ந்தும் தேடினாள். எங்கள் சபையில் மிஷன் காலத்திலிருந்தே தூபம் கிடையாது. வாசனை ரோடுவரை போயிருக்க வேண்டும், பெரிய மாமா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஓடி வந்தார். அவர் அம்மாவுக்கும் சித்திக்கும் அண்ணன், சபைக் கமிட்டியில் வேறு இருந்தார்.

"எடி, சபைக்குள்ள குந்திரிக்கமா? அப்படியே ஒரு மணியும் அடி. ஆளுவ என்ன சொல்லுவாவ?"

"அண்ணா, லைட்டு போற வழி பொகையிலயாக்கும் தெரியும். ஒரு கீத்து தெறிச்சு யாரு கண்ணுலயாவது விழுந்தா யாரு பொறுப்பு? ராஜாக்கமாரும் பாலனுக்கு இதத்தானே கொண்டுவந்தாவ" என்றாள் சித்தி.

மாமா கோபத்தில் ஜன்னல்களையெல்லாம் படார் படாரென்று திறந்துவிட்டார்.

இவ்வளவையும் நான் பொறுத்துக்கொண்டேன். அடுத்ததைத்தான் பொறுக்க முடியவில்லை. எங்கள் மூவரையும் மேடையில் நிறுத்தி, தலைக்கு ஒரு சாண் மேலே ஒளிக்கோடு போகும்படி அளந்த சித்தி, யார் தலையிலும் கிரீடம் கூடாது என்று சொல்லிவிட்டாள். பளபளக்கிற எதுவும் மேடைக்கு வரக்கூடாதாம். தேவதூதர்களின் ஜிகினாவும் போயிற்று.

"ராஜான்னா கிரீடம் வேண்டாமா பிள்ளே?" என்று மட்டும் அம்மா கேட்டாள். சித்தி வேண்டாம் என்று தலையாட்டினாள்.

மறுநாள் சாயங்காலம் கோவில் நிறைந்திருந்தது. சின்னப் பிள்ளைகளை மேடைக்கு முன்னால் பாயில் உட்கார வைத்திருந்தார்கள். பட்டுச் சேலையைப் போர்த்தி, கண்மையால் மீசை வரைந்து, வெறும் தலையோடு நின்ற நாங்கள் மூவரும் ராஜாக்களாகத் தெரியவில்லை. எங்கோ சேலை திருடிவிட்டு அகப்பட்டவர்களைப் போலிருந்தோம். இன்னும் குந்திரிக்க வாசனை போகவில்லை, பெரியவர்கள் மூக்கை உறிஞ்சி ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

விளக்குகளை அணைத்தார்கள். சுவரில் நட்சத்திரம் வந்தது. பாடகர் குழுவின் மைக்கிலிருந்து ஒரு வயரை இழுத்து லேசரோடு இணைத்திருந்தாள் சித்தி. பாட்டு ஏறினால் ஒளி ஏறும், பாட்டு தணிந்தால் ஒளியும் தணியும். முதல் பாட்டுக்கு அழகாகத்தான் மின்னியது. பிறகு மாமா மைக்குக்கு வந்து அறிவிப்புச் சொன்னார். அவருடைய ஒவ்வொரு சொல்லுக்கும் நட்சத்திரம் துள்ளியது. நடுவில் அவர் இருமியபோது அது பளீரென்று எரிந்து அணைந்தது. கோவிலே சிரித்தது. திரைக்குப் பின்னால் நின்ற எனக்கு மண்ணுக்குள் புதைந்துவிடலாம் போலிருந்தது. அளந்தது முழுக்க நான், சிரிப்பும் எனக்குத்தான்.

அம்மாவும் திரைக்குப் பின்னால்தான் இருந்தாள். என் கண்ணில் நீர் திரண்டிருந்ததைப் பார்த்தாள். சேலை மடிப்புக்குள்ளிருந்து கிரீடத்தை எடுத்தாள். என் தலையில் வைத்து ஊசிகளைக் குத்தி, மேடைக்குத் தள்ளிவிட்டாள்.

நான் நிமிர்ந்து நடந்தேன். கூட்டம் ஓவென்றது, யாரோ கைதட்டினார்கள். நட்சத்திரம் சுவரில் மெல்லச் சரிந்து தொழுவத்தின் மேல் வந்தது. நான் தொழுவத்தை நெருங்கினேன். சட்டென்று இருட்டு. நட்சத்திரமும் இல்லை, ஒன்றும் இல்லை. பின்னாலிருந்து விசில் வந்தது. எரிச்சலோடு யாரோ டியூப்லைட்டைப் போட்டார்கள். மேடையில் நாங்கள் குழந்தையேசுவின் பொம்மையைப் பார்த்துக்கொண்டு நின்றோம், மாடியில் சித்தி பிளக்கைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"மெஷினு கேடாயிப்போச்சு. மன்னிச்சுக்கிடணும்" என்று மாடியிலிருந்தே சத்தமாகச் சொன்னாள்.

"கயிறே மதியாயிருந்நு", கயிறே போதுமாயிருந்தது என்று ஒருவர் மலையாளத்தில் சொல்ல, மறுபடி சிரிப்பு.

வீட்டில் சாப்பாடு ஆறிப்போகும்வரை அம்மா சித்தியைத் திட்டினாள். ஊர் முன்னால் மானத்தை வாங்கினாய், படித்த படிப்புக்கு ஒரு நட்சத்திரத்தைக் கொண்டுவர முடியவில்லை, இனி எந்த முகத்தோடு கோவிலுக்குப் போவேன் என்று விடாமல் பேசினாள். அவ்வளவு பெரிய குரல் அம்மாவுக்கு உண்டு என்று எனக்கு அதுவரை தெரியாது. சித்தி ஆப்பத்தைப் பிய்த்துக்கொண்டே, "மெஷினு கேடாயிப்போச்சுக்கா, நான் என்ன செய்ய" என்று மட்டும் திரும்பத் திரும்பச் சொன்னாள். என்னைப் பார்த்து ஒருமுறை சிரித்தாள். நான் அம்மாவின் பக்கமாக நகர்ந்து உட்கார்ந்தேன். காலையில் சித்தி பெட்டிகளோடு புறப்பட்டபோது ஆட்டோவரைகூட நான் போகவில்லை, கூட்டாளிகள் யாராவது பார்த்துவிடுவார்களே என்று பயம். அடுத்த வருஷம் கயிறு திரும்பி வந்தது. சித்தி வந்தாள், ஆனால் பெட்டி கொண்டுவரவில்லை.

பல வருஷம் கழிந்து, போன கிறிஸ்துமஸுக்கு அம்மாவோடு அச்சுமுறுக்கு சுட்டுக்கொண்டிருந்தேன். பேச்சுவாக்கில் அந்தக் கெட்டுப்போன மெஷினைச் சொல்லிச் சிரித்தேன். அம்மா சிரிக்கவில்லை.

"மெஷினுக்கு ஒரு கேடும் இல்ல" என்றாள். எண்ணெயைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "உன் கிரீடம் ஒசரத்துல போயி லைட்டுல முட்டிச்சு. பச்சையா ஒரு பொட்டு, பாயில இருந்த ஒரு சின்னப் பிள்ளைக்க கன்னத்துல விழுந்து கண்ணுக்கு ஏறிச்சு. நான் கண்டேன். அப்பத்தான் அவ பிளக்கப் பிடுங்கினா."

அந்தச் சிறிய பங்கு ஒரு கண்ணைக் கெடுத்திருக்குமா என்று கேட்டால், ஒருவேளை கெடுத்திருக்காது. அந்த ஒருவேளையை நம்பச் சித்தி துணியவில்லை, அவ்வளவுதான். அம்மாவிடம் நான் கேட்டது வேறு. தெரிந்துகொண்டா அவளை அப்படித் திட்டினாய் என்று கேட்டேன்.

"தெரிஞ்சதுனாலயாக்கும்" என்றாள் அம்மா.

அன்றைக்கு அந்தச் சாப்பாட்டு மேசையில், சத்தம் போடுகிறவள் பக்கம்தான் நியாயம் என்று நினைத்து அம்மாவோடு ஒட்டிக்கொண்டிருந்தேன். அம்மா வெட்கத்தில் கத்துகிறாள் என்று எனக்குப் புரியவில்லை. சித்திக்குப் புரிந்திருந்தது. மெஷின் கெட்டுப்போயிற்று என்று அவள் சொன்னபோதெல்லாம் அக்காவின் முகத்தைப் பார்த்தே சொன்னாள், அக்கா அதைப் பிடித்துக்கொள்ளட்டும் என்று.