வாப்பா குளிக்கும் சத்தம்

யுத்தம் முடிந்து சில வருடங்களுக்குப் பிறகு வாப்பா கிணற்றடியில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பை முறித்துக்கொண்டார். உம்மா ஏற்கெனவே மௌத்தாகி, வாப்பா தனியாகத்தான் இருந்தார். ஒப்பரேஷன் முடிந்ததும் வாப்பாவைக் கற்பிட்டியில் இருந்த என் வீட்டுக்குக் கூட்டி வந்தேன்.

"வாப்பா, நான் குளிப்பாட்டி விடுறன்," என்றேன்.

"ஒன்னய நான் குளிப்பாட்டினன். அது போதும்," என்றார்.

மூன்று நாள் குளிக்கவே இல்லை. நாலாம் நாள், வெயிலும் சேர்ந்துகொள்ள, இருவரும் பேசி முடிவுக்கு வந்தோம். அவர் பிளாஸ்டிக் கதிரையில் உட்கார்ந்து தானே குளிப்பார். கதவைச் சாத்துவார், தாழ்ப்பாள் போடமாட்டார். நான் வெளியே நிற்பேன். உள்ளே சத்தம் நின்றால் வந்துவிடுவேன்.

"என்னத்தச் சத்தம் போடுற? குளிக்கிற எடத்துல ஓதவும் ஏலா."

"கழுவுறதச் சொல்லிச் சொல்லிக் கழுவுங்க."

நாற்பது வருடம் படகு எஞ்சினோடு போட்டிபோட்டுக் கத்திய தொண்டை அது. "வலது கை முடிஞ்சிது! இடது கை!" என்று ஆரம்பித்தார். தெருவில் மீன் விற்றுக்கொண்டு போனவர் சைக்கிளை நிறுத்திவிட்டார். "முதுகுக்குக் கை எட்டல்ல! முதுகு தப்பிச்சிது!" வேலிக்கு அப்பால் பக்கத்து வீட்டு மாமி சிரிப்பது எனக்குக் கேட்டது. வெட்கத்தில் தலைகுனிந்து நின்றேன்.

திடீரென்று சத்தம் நின்றது.

"வாப்பா?"

இன்னொரு தடவை கூப்பிட்டேன். பிறகு கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே ஓடினேன்.

இடுப்பில் கட்டிய சாரத்தோடு கதிரையில் அமர்ந்திருந்தார். முகம் முழுவதும் நுரை. கண்ணையும் வாயையும் இறுக்கி மூடியபடி, ஒரு கையால் என்னை வெளியே போகச் சொன்னார். தண்ணீரை ஊற்றிக் கழுவிவிட்டுத்தான் வாயைத் திறந்தார்.

"மூஞ்சில சவுக்காரத்தோட எப்பிடிப் புள்ள கதைக்கிற?"

சிரித்துக்கொண்டே அழுதுவிட்டேன்.

"சரி. மூஞ்சி கழுவக்குள்ள வாளியில தட்டுறன்," என்றார். அவராக விட்டுக்கொடுத்தது அது ஒன்றுதான்.

அதற்குப் பிறகு மாதக்கணக்காக எங்கள் வளவில் தினமும் அந்த அறிவிப்பு நடந்தது. மாமிக்கு அவர் குளிக்கும் ஒழுங்கு என்னைவிட நன்றாகப் பாடமாகிவிட்டது. ஒருநாள் வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்து, வாப்பாவை அண்ணன் முறை சொல்லிக் கூப்பிட்டுச் சத்தம் போட்டார்:

"நானா, இன்னக்கிக் காலச் சொல்லல்லயே!"

உள்ளே ஒரு கணம் அமைதி. நான் கதவில் கை வைத்தேன்.

"அது என்ட கால்!" என்று இடி மாதிரி வந்தது பதில்.

கையை எடுத்துக்கொண்டேன்.